தோற்றவர்களும் கட்டிய தலைநகரம்

சீகிரியா மலையேறிவிட்டு, அப்படியே பொலன்னறுவைக்கு அரை நாள் ஒதுக்கி, கல் விகாரைப் புத்தர்கள் முன்னால் ஒரு குழுப்படம் எடுத்துக்கொண்டு, இருட்டுவதற்குள் கண்டிக்குக் கிளம்பிவிடுவது இலங்கைக்குப் போகும் நம்மூர்ப் பயணக் குழுக்களின் வழக்கம். என் யோசனை வேறு. இரண்டு பகலும் நடுவில் ஓர் இரவும் இந்த ஊருக்குக் கொடுங்கள். அவசரமாகப் பார்த்தால் இடிந்த செங்கல் சுவர்களும் பெரிய புத்தர் சிலைகளும்தான் மிஞ்சும். யார் எதைக் கட்டினார்கள் என்று கேட்டபடி நடந்தால் ஊர் பேசத் தொடங்கிவிடும்.

கதை சுருக்கமாக இதுதான். 993 வாக்கில் முதலாம் ராஜராஜனின் படை இலங்கையின் வடபகுதியைப் பிடித்தது. பல நூற்றாண்டுகளாகத் தலைநகராக இருந்த அனுராதபுரத்தை விட்டுவிட்டுச் சோழர்கள் பொலன்னறுவையைத் தேர்ந்தெடுத்தார்கள். மகாவலி கங்கையைக் கடக்கும் துறைகள் இங்கிருந்து பக்கம். தெற்கே உறுகுணையிலிருந்து கிளம்பி வரும் சிங்களப் படைகளையும் இங்கேயே மறித்துவிடலாம். ஊருக்கு ஜனநாதமங்கலம் என்று பெயரிட்டார்கள். ஜனநாதன் என்பது ராஜராஜனின் பட்டங்களில் ஒன்று. 1070-இல் முதலாம் விஜயபாகு சோழர்களை விரட்டினார். முடிசூட்டு விழாவை அனுராதபுரத்தில் நடத்திக்கொண்டாலும், அரசை நடத்தியது எதிரி தேர்ந்தெடுத்த இதே ஊரிலிருந்துதான். பிறகு பராக்கிரமபாகு (1153–1186), நிஸ்ஸங்கமல்லன் (1187–1196) ஆகியோர் காலத்தில் நகரம் உச்சத்தைத் தொட்டது. 1215-இல் கலிங்க மாகன் படையெடுத்து வந்தான். அதற்குப் பிறகு தலைநகரங்கள் தென்மேற்கே நகர, ஊரைக் காடு மூடியது. 1982-இல் யுனெஸ்கோ பாரம்பரியச் சின்னங்களின் பட்டியலில் சேர்ந்தது.

ரயிலில் வருகிறவர்கள் ஒன்றை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பெயர்ப்பலகை பொலன்னறுவை என்று சொன்னாலும் நிலையம் இருப்பது கதுருவெலவில். பஸ் நிலையமும் பெரிய கடைத்தெருவும் அங்கேதான். பழைய நகரத்துக்கு அங்கிருந்து சில கிலோமீட்டர் மேற்கே போக வேண்டும். கதுருவெலவில் தமிழ் பேசும் முஸ்லிம்கள் கணிசமாக வாழ்கிறார்கள் என்பதால் ஆட்டோ பேரம் நமக்குச் சுலபம். நான் ஏறிய ஆட்டோவின் ஓட்டுநர் வயதானவர்.

“நாளைக்குச் சுத்திப் பார்க்க உங்க ஆட்டோவையே பேசிக்கலாமா நானா?” என்று கேட்டேன்.

“எனக்குக் காசு வரும் தம்பி. ஆனா ஆட்டோவுல போனா உங்களுக்கு ஒண்டும் வடிவாப் பார்க்க ஏலாது. சைக்கிள் எடுங்க. வெய்யில் ஏற முந்திப் போயிருங்க. பிறகு அந்தக் கல்லுல வெறுங்கால் வைக்க ஏலாது.”

இரண்டு அறிவுரையும் பொன். தரை சமதளம், பாதையெங்கும் மர நிழல். தங்கும் விடுதிகளிலேயே வாடகைச் சைக்கிள் கிடைக்கும். பிரேக்கை ஒருமுறை பிடித்துப் பார்த்து எடுங்கள். புனித இடங்கள் அத்தனையிலும் செருப்பும் தொப்பியும் கழற்ற வேண்டும். நண்பகலில் கருங்கல் தளம் அடுப்புக்கல்லாகச் சுடும் என்பதால் பையில் ஒரு ஜோடி தடித்த காலுறை இருக்கட்டும். தோளும் முழங்காலும் மூடிய உடை அவசியம். புத்தருக்கு முதுகு காட்டி நின்று படம் எடுப்பது அங்கே பெரிய அவமரியாதை. புத்தர் உருவம் போட்ட சட்டையோ பச்சைகுத்தலோ வம்பில் கொண்டுபோய் விடும். சார்க் நாட்டவருக்குக் கட்டணச் சலுகை உண்டு, கடவுச்சீட்டைக் கையோடு கொண்டுபோங்கள். வாங்கிய சீட்டை உள்ளே பல இடங்களில் கேட்பார்கள், தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

முதலில் அருங்காட்சியகம். பலர் கடைசிக்குத் தள்ளிவைத்து, களைப்பில் விட்டுவிடுகிறார்கள். இடிபாடுகள் முழுசாக இருந்தபோது எப்படித் தோன்றியிருக்கும் என்று காட்டும் மாதிரி வடிவங்கள் இங்கே உள்ளன. வட்டதாகெ என்ற வட்டவடிவக் கட்டடத்தின் கூரையை இங்கே பார்த்துவிட்டுப் போனால்தான், அங்கே வெறுமனே நிற்கும் தூண்கள் எதைத் தாங்கின என்பது புரியும். வெண்கலச் சிலைகள் இருக்கும் பகுதியில் நம் கால்கள் தாமாக நின்றுவிடும். இந்த ஊர்ச் சிவாலயங்களைத் தோண்டியபோது நடராசரும் சுந்தரர் முதலிய நாயன்மார்களும் கிடைத்தார்கள். சில சிலைகள் இங்கேயும் மற்றவை கொழும்பு தேசிய அருங்காட்சியகத்திலும் இருக்கின்றன.

அருங்காட்சியகத்துக்குப் பக்கத்திலேயே பராக்கிரம சமுத்திரம். பேரைக் கேட்டு மிகை என்று எண்ண வேண்டாம். கரைமேல் நின்றால் எதிர்க்கரை மங்கலாகத்தான் தெரியும். முன்பே இருந்த குளங்களை இணைத்து, அம்பன் கங்கையின் தண்ணீரை அங்கமெடில்ல அணையிலிருந்து வாய்க்கால் வழியே கொண்டுவந்து, பதினான்கு கிலோமீட்டர் அளவுக்குக் கரை கட்டினார் பராக்கிரமபாகு. இருபதாம் நூற்றாண்டில் சீரமைக்கப்பட்டு இன்றும் வயல்களுக்குப் பாய்கிறது. மாலையில் கரைச் சாலையில் சைக்கிள் மிதித்துப் போவதற்கு நிகரான பொழுதுபோக்கு இந்த ஊரில் கிடையாது, அதற்குச் சீட்டும் வேண்டாம்.

அரண்மனை வளாகத்தில் பராக்கிரமபாகுவின் மாளிகைச் சுவர்கள் இரண்டு ஆள் படுத்துக்கொள்ளும் தடிமனில் நிற்கின்றன. ஏழு மாடி, ஆயிரம் அறை என்று வம்ச வரலாற்று நூல் சொல்கிறது. இன்று மிஞ்சியிருக்கும் செங்கற்சுவரில் உத்தரங்கள் சொருகிய குழிகளை எண்ணிப் பார்த்தால் கீழ்மாடிகள் மட்டும் கண்ணுக்குப் பிடிபடும். எதிரே அரசவை மண்டபத்தின் அடித்தளத்தைச் சுற்றி யானை வரிசை. ஒவ்வொரு யானையும் ஒவ்வொரு நிலையில் இருக்கும். அவசரப்படாமல் சுற்றி வாருங்கள். பக்கத்தில் குமார பொக்குண என்ற அரச குளியல் குளம். தண்ணீர் விழுந்த முதலைவாய்த் தூம்புகள் இன்றும் இருக்கின்றன.

அடுத்து, தலதா மளுவ என்கிற உயர்ந்த மேடை. நகரத்தின் உயிர்நாடி இங்கேதான். புத்தரின் புனிதப் பல்லை வைத்திருந்த கோவில்கள் இந்த மேடையில் எழுந்தன. அந்தப் பல் யாரிடம் இருக்கிறதோ அவரே அரசர் என்பது அக்காலத்து நம்பிக்கை. ஆகவே ஒவ்வொரு அரசரும் தம் பேரில் ஒன்றைக் கட்டினார்கள். விஜயபாகுவுடையது அடதாகெ. நிஸ்ஸங்கமல்லனுடையது ஹடதாகெ, அறுபது நாழிகையில் கட்டி முடித்ததாகக் கதை. தற்பெருமையில் நிஸ்ஸங்கமல்லனை மிஞ்ச ஆள் இல்லை. கல் பொத என்ற இருபத்தைந்து டன் கற்பலகையை நூறு கிலோமீட்டர் தொலைவிலுள்ள மிகிந்தலையிலிருந்து இழுத்து வரச்செய்து, தன் புகழை அதில் வெட்டிவைத்தார். பலகையின் பக்கவாட்டில் யானைகள் நீராட்டும் திருமகளைப் பாருங்கள். காஞ்சிபுரத்திலோ தஞ்சையிலோ பார்த்த முகம்போல இருக்கும்.

இதே மேடையிலுள்ள வட்டதாகெயின் படியில் சந்திரவட்டக்கல்லைக் குனிந்து பாருங்கள். அனுராதபுரத்துச் சந்திரவட்டக்கற்களில் யானை, குதிரை, சிங்கத்தோடு எருதும் வரிசையில் போகும். இங்கே எருதைக் காணோம். நந்தியைக் காலால் மிதிப்பது சிவபக்தர்களுக்குப் பொறுக்காது என்பதால் நீக்கிவிட்டதாக விளக்கம் சொல்கிறார்கள். விரட்டப்பட்டவர்களின் மனம் புண்படக்கூடாது என்று விரட்டியவர்களின் சிற்பி உளியை நிறுத்தியிருக்கிறான்!

இந்த மேடையில் நமக்காகவே ஒரு கல் காத்திருக்கிறது. அடதாகெக்கு அருகே நிற்கும் வேளைக்காரர் கல்வெட்டு. தமிழில் வெட்டியது. வேளைக்காரர் என்போர் தமிழ்நாட்டிலிருந்து வந்து இலங்கை அரசர்களிடம் பணிபுரிந்த கூலிப்படையினர். சோழர்மேல் படையெடுக்க விஜயபாகு திட்டமிட்டபோது சொந்த இனத்துக்கு எதிராகப் போரிட மறுத்து, கலகம் செய்து, அரண்மனைக்கே தீ வைத்தவர்கள். அரசர் கலகத்தைக் கடுமையாக அடக்கினார். அவர் மறைந்த பிறகு அதே வேளைக்காரரிடம்தான் புனிதப் பல் கோவிலின் காவலை ஒப்படைத்தார்கள். அந்தக் கோவிலையும் அதன் சொத்துக்களையும் உயிரைக் கொடுத்தேனும் காப்போம் என்று வலங்கை, இடங்கைப் பிரிவினர் கூடி ஏற்றுக்கொண்ட உறுதிமொழியே இந்தக் கல். கோவிலுக்குத் தங்கள் பெயரையும் சேர்த்து ‘மூன்றுகைத் திருவேளைக்காரன்’ என்று தொடங்கும் பெயரிட்டார்கள். காலை வெயில் சாய்வாக விழும்போது போனால் சில எழுத்துகளை எழுத்துக்கூட்டிப் படிக்கலாம். பேருந்துக் குழுக்கள் கல் பொதவைப் பார்த்துவிட்டு இதைத் தாண்டிப் போய்விடுவார்கள், ஆகவே கூட்டமும் இருக்காது.

மேடையிலிருந்து வடக்கே போகும் பாதையில், கொஞ்சம் உள்ளடங்கி, இரண்டாம் சிவாலயம் என்று எண்ணிட்ட வானவன்மாதேவி ஈசுவரம். ராஜேந்திரனின் தாயின் பெயர் தாங்கியது. சோழ அரசர் அதிராஜேந்திரனின் கல்வெட்டு இங்கே உண்டு. பொலன்னறுவையில் இன்று முழுமையாக நிற்கும் கட்டடங்களில் மிகப் பழையது இதுவே. விமானம், கோஷ்டம், அரைத்தூண் எல்லாம் சோழநாட்டுச் சின்னக் கிராமக் கோவில் ஒன்றைப் பெயர்த்து வைத்ததுபோல. நான் போனபோது அங்கே வேறு யாரும் இல்லை. கருவறையில் லிங்கம், வெளியே நந்திகள், மரக்கிளையில் குரங்குக் கூட்டம். இதற்கும் மேடைக்குத் தெற்கே உள்ள முதலாம் சிவாலயத்துக்கும் நடுவே இரண்டு நூற்றாண்டு இடைவெளி. அது பதின்மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்த பாண்டியர் பாணிக் கட்டடம். சோழர் போய் வெகுகாலம் கழித்தும் இந்த ஊரில் சைவர்கள் கோவில் கட்டிக்கொண்டிருந்தார்கள் என்பதற்கு அதுவே சாட்சி.

வடக்கே ரங்கொத் விகாரைத் தூபியைக் கடந்தால் ஆளாஹண பிரிவேனா என்ற பிக்குகளின் கல்விக்கூடம். அதன் நடுவே லங்காதிலக. உயர்ந்த இரு செங்கற்சுவர்களுக்கு நடுவே தலையிழந்த புத்தர் நிற்கிறார். வெளிச்சுவரின் சுதை வேலையில் அடுக்கடுக்கான விமானங்கள். அந்தக் கையை நாம் எங்கேயோ பார்த்திருக்கிறோம் என்று தோன்றும். பக்கத்தில் கிரி விகாரை. நூற்றாண்டுக்கணக்கில் காடு மூடிக்கிடந்தும் அதன் பழைய சுண்ணாம்புப் பூச்சு பெருமளவு பிழைத்திருக்கிறது.

கல் விகாரைக்குப் பிற்பகல் மூன்றரைக்கு மேல் போவது நல்லது. ஒரே கருங்கற்பாறையில் நான்கு சிலைகள்: தியானத்தில் ஒருவர், குடைந்த குகைக்குள் ஒருவர், கைகளைக் குறுக்கே கட்டி ஏழு மீட்டர் உயரத்தில் ஒருவர், பதினான்கு மீட்டர் நீளத்தில் சாய்ந்து கிடப்பவர். நிற்பவர் குருவை இழந்து கலங்கும் ஆனந்தர் என்று முன்பு எண்ணினார்கள். புத்தரேதான் என்பது இன்று பலரின் கருத்து. கிடப்பவரின் தலையணையைக் கவனியுங்கள். தலை அழுந்திய பள்ளத்தைக் கல்லில் செதுக்கியிருக்கிறார்கள். இடது பாதம் சற்றே பின்வாங்கியிருப்பது, உறக்கம் இல்லை, பரிநிர்வாணம் என்பதற்கு அடையாளம்.

அதற்கு வடக்கே மரம் முளைத்த குன்று ஒன்று தெரியும். வழிகாட்டிகள் பெரும்பாலும் அங்கே நிறுத்துவதில்லை. பெயர் தெமள மகா சேய, அதாவது தமிழர் பெருந்தூபி. பாண்டிநாட்டுப் போரில் பிடிபட்ட தமிழ்க் கைதிகளைக் கொண்டு பராக்கிரமபாகு கட்டத் தொடங்கிய இந்தத் தூபி முடியவே இல்லை. கல்வெட்டில் பெயர் பதித்துக்கொண்ட வேளைக்காரரைப் பார்த்தவர்கள், பெயரில்லாமல் மண் சுமந்த இவர்களையும் பார்த்துவிட்டுப் போக வேண்டும். பாதை இன்னும் நீண்டு திவங்க படிமாகெயில் முடியும். அங்குள்ள சுவரோவியங்களைப் பிளாஷ் போட்டுப் படமெடுக்கக் கூடாது.

சாப்பாட்டைப் பற்றிக் கவலை வேண்டாம். நெல் விளையும் மாவட்டம். விடுதிகளில் சோறும் கறியும் என்று கேட்டால் பருப்பு, பொல் சம்பல், தாமரைக்கிழங்குக் கறி, குளத்து மீன் என்று கிண்ணங்கள் வந்துகொண்டே இருக்கும். எருமைத் தயிரில் கித்துள் பாணி ஊற்றித் தருவார்கள், மறுக்காதீர்கள். தாகத்துக்குத் தம்பிலி என்கிற செவ்விளநீர். பௌர்ணமி போயா நாளில் வெள்ளை உடுத்திய பக்தர்கள் திரள்வார்கள். பார்க்க அழகு, ஆனால் நிதானமாகச் சுற்ற முடியாது. அன்று மதுக்கடையும் மூடியிருக்கும். டிசம்பர், ஜனவரியில் வடகிழக்குப் பருவமழை. மே முதல் செப்டம்பர் வரை வறண்ட காலம். ஆகஸ்ட், செப்டம்பரில் பக்கத்து மின்னேரியா குளக்கரையில் காட்டு யானைகள் திரளும். ஹபரணைச் சாலையில் இருட்டிய பிறகு ஆட்டோவில் போகாதீர்கள். யானைக்கு ஹாரன் கேட்டால் பிடிக்காது.

இரண்டாம் நாளை எப்படிக் கழிப்பது என்று கேட்டால், காலையில் தெற்குக் கரையோரம் பொத்குல் விகாரைக்குப் போகச் சொல்வேன். கையில் எதையோ ஏந்தி நிற்கும் தாடிக்காரரின் சிலை பாறையில் இருக்கிறது. ஊரார் பராக்கிரமபாகு என்கிறார்கள். புலஸ்திய முனிவர், இல்லை அகத்தியர் என்போரும் உண்டு. ஏடா நுகமா என்று கையிலிருப்பதைப் பற்றியும் வழக்கு தீரவில்லை. பிறகு மறுபடியும் தலதா மளுவவுக்கும் வானவன்மாதேவி ஈசுவரத்துக்கும் போங்கள். சோழர் பெருமை தேடி வருகிறவர்கள் சிவாலயத்தைத் தொட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள்; புத்தர் சிலை பார்க்க வருகிறவர்கள் அந்தப் பக்கமே தலைவைப்பதில்லை. இந்த ஊரில் ஒன்றைப் பார்த்தவர் மற்றதைப் பார்க்காமல் கிளம்பினால் பாதிக் கதைதான் கேட்டிருப்பார்.