வாள் எடுக்காத நாயகி

மியாசாகி 1982இல தொடங்கின 'நௌசிகா' மங்காவை இப்பத்தான் வாசிச்சன். ராட்சதப் பூச்சிகளை வெட்டாமல், அதுகளின்ரை கோவத்தை ஆத்துற பெட்டை. உடனே எங்கட காப்பிய நாயகி மணிமேகலைதான் ஞாபகம் வந்தாள். தெய்வம் அவளைக் கொண்டுவந்து விட்ட மணிபல்லவம் எங்கட நயினாதீவு எண்டு கனபேர் சொல்லுவினம். மறுக்கிற ஆய்வாளரும் இருக்கினம், நான் தீவுப்பக்கம்!

ஆபுத்திரன் எண்டவன் அங்க கோமுகிப் பொய்கையில விட்ட, அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபிப் பாத்திரம், வைகாசி விசாகத்தில அவள் கைக்கு வருது. அவள் மோதுற பூதம் பசி. காயசண்டிகை எண்ட பொம்பிளைக்கு யானைத்தீ நோய், எவ்வளவு திண்டாலும் அடங்காது. மணிமேகலை ஒரு பிடி சோறு போடுறாள், தீ அணையுது. சண்டைக்காட்சி அவ்வளவுதான்! பிறகு சிறைக்கோட்டத்திலயும் சோறு போட்டு, அதை அறக்கோட்டமாக்கச் சொல்லி மன்னனிட்டயே கேக்கிறாள்.

ஆராவது இதை மங்காவா வரையுங்கோவன். குறிகட்டுவானில நயினாதீவு லோஞ்சுக்கு நிக்கிற நேரம் வாசிக்கலாம்.