பல்லாவரம் சந்தையில் கிடைத்த அம்மா

2022இல் 'கடைசி விவசாயி' படம் வந்தபோது அதன் நாயகன் நல்லாண்டி ஐயா உயிரோடு இல்லை. நிஜ விவசாயி. அவருக்குப் பதில் வேறு முகத்தை யோசிக்கவே முடியவில்லை.

சின்ன பட்ஜெட் படங்களுக்கு அப்படிப்பட்ட முகங்களைத் தேடித் தருவதுதான் என் வேலை. பெரிய படத்துக்கு மேனேஜர், கால்ஷீட் எல்லாம் உண்டு. எனக்குத் தாம்பரம்–பீச் லோக்கல் டிரெயினும் பல்லாவரம் வெள்ளிக்கிழமைச் சந்தையும்தான்.

அங்கே பழைய பாத்திரம் விற்கும் ஓர் அம்மா. அடிமாட்டு விலைக்குக் கேட்டவரிடம் ஒரு வார்த்தை பேசாமல் குண்டானைத் திரும்ப வாங்கி, முந்தானையால் துடைத்து அடுக்கினார். அந்தக் கோபம் எந்த ஆடிஷனிலும் கிடைக்காது! நடிக்கிறீங்களாம்மா என்றேன்.

"வெள்ளிக்கிழமை மட்டும் வர முடியாதுப்பா."

டைரக்டரிடம் பேசி ஷெட்யூலை மாற்ற வைத்தேன். பேட்டா அன்றன்றைக்கே அவர் கைக்குப் போக வேண்டும் என்றும் சொல்லிவிட்டேன். இதில் நான் விட்டுக்கொடுப்பதே இல்லை.

இந்த முகம் தேடும் வேலைக்கு, அதாவது காஸ்டிங்குக்கு, ஆஸ்கரிலேயே தனி விருது 2026 விழாவில் இருந்துதான். நம் தேசிய விருதிலும் வர வேண்டும், வந்தே ஆக வேண்டும்.

அடுத்த படத்துக்கு 70 வயதுத் தாத்தா ஒருவர் தேவை. சைக்கிள் ஓட்டத் தெரிந்திருக்கணும். பெருங்களத்தூர், வண்டலூர் பக்கம் யாராவது இருந்தால் இன்பாக்ஸில் சொல்லுங்கள்.