சுரண்டுகிற வேலை

பழைய பாத்ரூமுக்குள் நுழைந்தால் நான் முதலில் பார்ப்பது டைல்ஸை அல்ல, ஜாயின்ட்டைத்தான். நகத்தால் ஒரு கீறு. பொடியாக உதிர்ந்தால் ஒயிட் சிமெண்ட். இருபது வருடத்துக்கு முந்தைய வீடுகளில் பெரும்பாலும் அதுதான் இருக்கும். வெறும் தண்ணீரில் குழைத்து, துணியால் தேய்த்துவிட்டுப் போயிருப்பார்கள். காயும்போது அது சுருங்கி மயிரிழையாக வெடிப்பு விடும். சோப்புத் தண்ணீர் அந்த வழியாக இறங்கி, அடுத்த அறைச் சுவரில் பெயிண்ட் உப்பிய பிறகுதான் எனக்குப் போன் வரும்.

“மேலாகக் கொஞ்சம் பூசிவிடுங்களேன் மேஸ்திரி” என்பார்கள். பூசலாம். சில மாதத்தில் தகடு தகடாக உரிந்து கையோடு வரும். ஜாயின்ட்டில் நிரப்பும் புதுக் கிரவுட் பிடித்து நிற்க ஆழம் வேண்டும். டைல்ஸ் கனத்தில் மூன்றில் இரண்டு பங்கைத் தோண்டாமல் நான் பக்கெட்டைத் திறப்பதில்லை. சுவர் டைல்ஸ் 8 மி.மீ. கனம் என்றால் 5 மி.மீ.க்கு மேல்.

மெஷின் இருக்கிறதே என்று கேட்பீர்கள். 4 இஞ்ச் கிரைண்டர் நிமிடத்துக்கு 10,000 சுற்றுக்கு மேல் சுற்றும். 2 மி.மீ. ஜாயின்ட்டுக்குள் 1 மி.மீ.க்குச் சற்று மேலான டைமண்ட் பிளேடு போகும்போது இரண்டு பக்கமும் அரை மில்லிகூட மிஞ்சாது. எனக்கு ஒருமுறை கை அசைந்துவிட்டது. வாஷ்பேசினுக்கு நேர் மேலே, கண்ணாடி பார்ப்பவர் கண்ணில் படும் இடத்தில், கிளேஸ் தெறித்தது. அந்த வீட்டம்மா ஒன்றும் சொல்லவில்லை. திட்டியிருந்தால்கூடத் தேவலை. அந்தப் பூப்போட்ட டைல்ஸ் கடைக்கு வருவது நின்று வெகுகாலமாகியிருந்தது. கடைசியில், கதவுக்குப் பின்னால் இருந்த ஒன்றைச் சுற்றி நாலு பக்கமும் சுரண்டி, முழுசாகப் பெயர்த்துக் கொண்டுவந்து ஒட்டினேன். கதவுக்குப் பின்னால் ஒரு வெள்ளை டைல்ஸ் போட்டேன். கதவைச் சாத்தினால் இன்றைக்கும் அது தெரியும்.

அதிலிருந்து நீளமான கோட்டுக்கு நடுவில் மட்டும்தான் மெஷின். ஓரமும் மூலையும் கைவேலை. ஆக்சா பிளேடை உடைத்து ஒரு முனையில் துணி சுற்றிக்கொள்வேன். கனம் போதாவிட்டால் இரண்டைச் சேர்த்து டேப் ஒட்டுவேன். காது இங்கே கண்ணைவிட உதவும். கிரவுட்டில் ஓடும்போது சரசரவென்று வறண்ட சத்தம். டைல்ஸ் விளிம்பைத் தொட்டால் கிரீச் என்று பல் கூசும். கூசினால் நிறுத்திவிட வேண்டும்.

தூசியை நான் வெகுகாலம் லேசாக எடுத்துக்கொண்டேன், கைக்குட்டை கட்டினால் போதும் என்று. கிரவுட்டிலும் டைல்ஸிலும் சிலிக்கா இருக்கிறது. நுரையீரலில் படிந்தால் அந்தக் கேட்டைச் சரிசெய்ய வழியில்லை. இப்போது என்95 மாஸ்க் இல்லாமல் மெஷினைத் தொடுவதில்லை.

ஆசிட் ஊற்றினால் சுலபம் என்று யோசனை சொல்பவர்கள் வீட்டுக்கு ஒருவர் இருக்கிறார்கள். ஆசிட் சிமெண்டை அரிக்கும், உண்மைதான். ஆனால் டைல்ஸைச் சுவரில் பிடித்து வைத்திருப்பதும் சிமெண்ட்தானே! எதை அரிப்பது, எதை விடுவது என்று ஆசிட்டுக்குத் தெரியாது. பிளீச்சிங் பவுடர் கிடக்கும் தரையில் அதை ஊற்றினால் குளோரின் கிளம்பி, மூடிய பாத்ரூமில் ஆளையே சாய்த்துவிடும். எபாக்ஸி கிரவுட்டிடம் ஆசிட் பலிக்கவும் பலிக்காது. அதற்கு ஹீட் கன்னால் சூடு காட்டி, இளகிய சூட்டோடு சுரண்ட வேண்டும்.

சுரண்ட ஒன்றரை நாள் ஆகிற பாத்ரூமில் நிரப்புவது இரண்டு மணி நேர வேலை. கூலியை மட்டும் நிரப்புகிற வேலைக்குத்தான் பேசுவார்கள். அந்தப் பேரம் எனக்குப் பழகிவிட்டது. வேறு ஒன்றுதான் கேட்கிறேன். உங்கள் வீட்டில் டைல்ஸ் வேலை நடந்தால், மிச்சத்தை எல்லாம் கடைக்குத் திருப்பி அனுப்பாதீர்கள். ஒவ்வொரு ரகத்திலும் நாலைந்தை எடுத்துப் பரணில் போட்டு வையுங்கள்.