மருமகனும் மலைப் புதையலும்

‘‘மாமா, ஊட்டியில டிரெயில் ரூயின்ஸ் இருக்குமா?’’

மேட்டுப்பாளையத்தைத் தாண்டி, கல்லாறு பக்கம் பஸ் மூச்சு வாங்க ஆரம்பித்த நேரம். கேட்டது என் அக்கா மகன். எட்டாம் வகுப்பு. ஏதோ புது ஓட்டல் போலிருக்கிறது என்று நினைத்து, ‘‘சேரிங் கிராஸ் பக்கத்துல இருக்கும்டா. ஆனா ரேட் தீட்டிடுவான்’’ என்றேன்.

பயல் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே... கணக்கு வாத்தியார்கூட என்னை அப்படிப் பார்த்ததில்லை!

விஷயம் இதுதான். மைன்கிராஃப்ட் என்று ஒரு வீடியோ கேம். சுவீடனில் மோஜாங் என்ற கம்பெனி 2011-ல் முழுசாக வெளியிட்டது. 2014-ல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலர் கொடுத்து அந்தக் கம்பெனியையே வாங்கிவிட்டது. 2023-க்குள் 30 கோடி பிரதிக்கு மேல் விற்றாகிவிட்டது. அந்த உலகத்தில் எல்லாமே சதுரம். மரம் சதுரம், மாடு சதுரம், சூரியன்கூட சதுரம்! பகலில் கல்லும் மரமும் வெட்டிச் சேர்க்க வேண்டும். ராத்திரியானால் பேய் பிசாசு வரும்; அதற்குள் குடிசை கட்டி ஒளிந்துகொள்ள வேண்டும். ஒரு கட்டை ஒரு மீட்டர் என்று கணக்கு. இந்த முனையிலிருந்து அந்த முனைக்கு 6 கோடி கட்டை. அதாவது 60 ஆயிரம் கிலோமீட்டர். பூமியின் சுற்றளவே சுமார் 40 ஆயிரம்தான்!

அவ்வளவு பெரிய உலகத்தில் ஆங்காங்கே பாழடைந்த கோயில், சுரங்கம், கோட்டை என்று மறைத்து வைத்திருக்கிறார்கள். டிரெயில் ரூயின்ஸ் அதில் ஒரு வகை. 2023-ல் சேர்த்தது. மொத்த ஊரும் மண்ணுக்குள் புதைந்து கிடக்கும். மேலே நாலைந்து கட்டை மட்டும் தலை நீட்டும்.

‘‘அதைக் கண்டுபிடிக்க மூணு ரூல் இருக்கு மாமா’’ என்றான், பர்லியாறு வளைவில். ‘‘ஒண்ணு, இடத்துக்குச் சம்பந்தமில்லாத கல்லு கிடந்தா நில்லு. ரெண்டு, தரையோட டிசைன் திடீர்னு மாறினா நில்லு. மூணு, ஷவலைக் கீழ போடு, பிரஷ்ஷை எடு.’’

‘‘பல் தேய்க்கிற பிரஷ்ஷா?’’ – இது என் சகதர்மிணி.

‘‘ஐயோ அத்தை! அங்க சில இடத்துல ஜல்லி கொஞ்சம் வேற மாதிரி இருக்கும். உள்ளே பானை ஓடு ஒளிஞ்சிருக்கும். பிரஷ்ஷால மெதுவா தட்டினா வெளியே வரும். மண்வெட்டியால ஒரு போடு போட்டா ஜல்லியும் போச்சு, ஓடும் போச்சு. திரும்பி வரவே வராது.’’

‘புதையல்’ என்ற வார்த்தை இதில் எங்கே வந்தது என்று தெரியவில்லை. ஆனால் குன்னூர் வருவதற்குள் சகதர்மிணி அதை மூன்று தடவை உச்சரித்துவிட்டாள்.

* * *

மறுநாள் காலை பக்காசுரன் கோட்டை. துரூக் என்றும் சொல்வார்கள். குன்னூரிலிருந்து லாம்ப்ஸ் ராக் போகும் பக்கம். தேயிலைத் தோட்டத்துக்கு நடுவே நடக்க வேண்டும். போகலாமா, கூடாதா என்று வனத்துறையில் விசாரித்துக்கொண்டு கிளம்புவது நல்லது. காட்டெருமைகள் விசாரித்துக்கொண்டு வருவதில்லை!

முதல் ஒரு கிலோமீட்டர் நான் பாடிக்கொண்டே போனேன். இரண்டாவது கிலோமீட்டரில் பாட்டு நின்றது. அதற்கப்புறம் பேச்சும் நின்றது. ‘‘மாமா, உங்களுக்கு ஹெல்த் பார் கம்மியாயிடுச்சு’’ என்றான் பயல். அவன் விளையாட்டில் உயிர் குறைந்தால் திரையின் அடியில் இதயம் இதயமாகக் குறையுமாம். எனக்குக் கடைசி அரை இதயத்தில் உச்சி வந்தது.

கோட்டை என்று ராஜா ராணி படம் மாதிரி எதிர்பார்த்துப் போகாதீர்கள். மிஞ்சியிருப்பது கொஞ்சம் சுவர்தான். 18-ஆம் நூற்றாண்டில் திப்பு சுல்தானின் காவல் நிலையாக இருந்தது என்பார்கள். ஏன் இங்கே காவல் என்பது உச்சியில் நின்று கீழே பார்த்தால் புரிகிறது. மேட்டுப்பாளையம் சமவெளி மொத்தமும் உள்ளங்கையில்! எறும்பு ஏறினாலும் தெரியும். மகாபாரதத்துப் பகாசுரன் இங்கேதான் வண்டி வண்டியாகச் சாப்பிட்டான் என்று ஒரு கதையும் உண்டு. அந்த மரபை நான் கெடுக்கவில்லை. மூன்று பேருக்குக் கட்டிக்கொண்டு போன எலுமிச்சை சாதத்தில் இரண்டு பேர் பங்கு என்னுடையது.

அதற்கடுத்த நாள் கோத்தகிரி. வழியில் கன்னேரிமுக்கு. கோயமுத்தூர் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன் 1819-ல் மலையேறி வந்து பங்களா கட்டிய இடம். ஊட்டி பிறப்பதற்கு முன்பே நீலகிரியில் வெள்ளைக்காரர் கட்டிய முதல் வீடு. ரொம்ப காலம் பாழடைந்து கிடந்ததைப் பிற்பாடு சீர்செய்து நினைவகமாக்கியிருக்கிறார்கள். நான் ஆர்வமாக விளக்கிக்கொண்டிருந்தேன். பயல் கொட்டாவி விட்டான்.

‘‘போர்டு வெச்சிருக்காங்க மாமா. போர்டு இருந்தா அது மறைஞ்ச இடமே இல்லை.’’

* * *

போர்டு இல்லாத இடம் அன்று சாயங்காலம் கிடைத்தது.

கோத்தகிரி பக்கம் ஒரு ஹட்டியில் என் பழைய ஆபீஸ் நண்பர் இருக்கிறார். படுகர். ஓய்வு பெற்று வந்து இரண்டு ஏக்கர் தேயிலையைப் பார்த்துக்கொள்கிறார். பச்சைத் தேயிலை விலை பற்றி அவர் புலம்ப, நான் தலையாட்ட, வரப்பில் நடந்துகொண்டிருந்தோம். பயல் சட்டென்று நின்றான்.

‘‘அங்கிள், எல்லா வரிசையும் நேராப் போவுது. அந்த இடத்துல மட்டும் ஏன் வளையுது?’’

பார்த்தேன். வாஸ்தவம்தான்! மேலே, சரிவு முடிகிற இடத்தில், செடி வரிசை ஒதுங்கி ஒரு பெரிய கட்டில் அளவு இடத்தை விட்டுவிட்டுப் போயிருந்தது. இருபது வருஷமாக இந்தத் தோட்டத்துக்கு வந்து டீ குடித்துவிட்டுப் போகிறேன். ஒரு தடவைகூட என் கண்ணில் பட்டதில்லை.

‘‘ரூல் நம்பர் ரெண்டு!’’ என்று கத்திக்கொண்டே ஓடினான்.

புதரை விலக்கினால் ஒரு சின்னக் கல் வீடு. மூன்று பக்கமும் பலகைக் கல் நட்டு, மேலே ஒரு கல் மூடி. இடுப்புயரம்கூட இல்லை. கற்திட்டை என்பார்கள். முகப்பில் பாசி. உள்ளே எட்டிப் பார்த்தால் குவியலாகக் கூழாங்கல். ஒவ்வொன்றும் வழவழவென்று, சாண் நீளத்துக்கு.

பயல் ஒரு நிமிஷம் பேசவில்லை. அப்புறம் மெதுவாக, ‘‘மாமா, இது ஆத்துக் கல்லு. ஆறு எங்கயோ கீழ இருக்கு. இங்க எப்படி வந்துச்சு?’’ என்றான்.

ரூல் நம்பர் ஒன்று.

பின்னாலேயே நண்பரின் அம்மா வந்து சேர்ந்தார். எண்பது வயசுக்கு மேல். வெள்ளை முண்டும் தலையில் வெள்ளைத் துணியுமாக, கையில் கம்பு. எங்களைவிட வேகமாக ஏறி வந்திருந்தார்! பயலையே பார்த்தார். பிறகு படுக பாஷையில் ஏதோ சொன்னார். குரலில் கோபம் இல்லை.

நண்பர் சங்கடமாகச் சிரித்தார். ‘‘தம்பி, பாக்கெட்டுல ஒரு கல்லு எடுத்து வெச்சியா?’’

பயலின் காது சிவந்துவிட்டது. நான் கவனிக்கவே இல்லை. அவன் டவுசர் பாக்கெட் கனத்துத் தொங்கிக்கொண்டிருந்தது.

‘‘அது கல்லு இல்லையாம்ப்பா. அது ஒரு ஆளாம். அதோட இடத்துல வெச்சுடச் சொல்றாங்க.’’

* * *

இதை நான் பிற்பாடு தேடிப் படித்தேன். நீலகிரியின் முதல் கமிஷனர் ஜேம்ஸ் வில்கின்சன் பிரீக்ஸ், இந்த மலை மக்களையும் பழைய கல் கட்டடங்களையும் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். 1872-ல் அவர் இறந்துவிட, அடுத்த வருஷம் அது வெளியானது. ஊட்டியில் பிரீக்ஸ் பள்ளிக்கூடம் இருக்கிறதே, அது அவர் நினைவாக வந்ததுதான். குறும்பர்களில் ஒருவர் இறந்தால், தண்ணீரில் உருண்டு வழவழப்பான ஒரு நீளக் கல்லைக் கொண்டுவந்து பழைய கற்திட்டைக்குள் வைக்கும் வழக்கத்தை அவர் பதிந்து வைத்திருக்கிறார். சில திட்டைகளில் கூரைக் கல்லைத் தொடும் அளவுக்குக் குவிந்திருந்ததாம். தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்தது.

அதாவது பயல் பாக்கெட்டில் போட்டது யாரோ ஒருவருடைய தாத்தாவை!

அதே பிரீக்ஸ்தான் மலை முகடுகளில் இருந்த ஈமக் குழிகளையும் தோண்டினார். அவருக்கு முன்பே 1840-களில் காங்கிரீவ் என்ற ராணுவ கேப்டன் தோண்டியிருக்கிறார். கிணறு மாதிரி வட்டமாகக் கல் அடுக்கிய குழிகள். உள்ளே அடுக்கடுக்கான பானைகள், வெண்கலக் கிண்ணங்கள், இரும்பு ஆயுதங்கள். பானை மூடியின் மேல் எருமை, குதிரை, மனிதர் என்று மண்ணால் பொம்மைகள். பார்த்தால் குழந்தை செய்தது போலிருக்கும். ஆனால் அந்த எருமையின் கொம்பு வளைவில் ஒரு கம்பீரம் இருக்கும். அவற்றில் நிறைய, சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்திலும் லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்திலும் இருக்கின்றன. செய்தவர்கள் யார் என்பதில் மட்டும் இன்னும் ஏகமனதாக முடிவில்லை.

ஏன் இல்லை? அதற்கான பதிலைப் பயல்தான் சொன்னான். நண்பரின் அம்மா எங்களை முகட்டுக்குக் கூட்டிப் போய் ஒரு பள்ளத்தைக் காட்டினார். சுற்றிலும் சரிந்த கல். நடுவே முள்செடி. தன் பாட்டனார் காலத்துக்கு முன்பே யாரோ தோண்டிவிட்டுப் போனது என்றார். பயல் குனிந்து பார்த்தான்.

‘‘மாமா, ஷவல் போட்டுட்டாங்க!’’

அவ்வளவுதான் விஷயம். பானை கிடைத்துவிடும். ஆனால் எந்தப் பானைக்குப் பக்கத்தில் எந்தக் கிண்ணம், எந்தச் சாம்பலுக்கு மேல் எந்த எலும்பு என்கிற வரிசைதான் கதை. அதை மெதுவாகத் தூரிகை போட்டு, அளந்து, எழுதி எடுத்தால்தான் தெரியும். கடப்பாரைக்குக் கதை தெரியாது. விளையாட்டிலாவது வேறு உலகம் திறந்து வேறு இடிபாடு தேடலாம். நீலகிரிக்கு இன்னொரு காப்பி கிடையாது.

வெள்ளைக்காரரை மட்டும் சொல்லிப் பிரயோஜனமில்லை. கோத்தகிரிக்கு அப்பால் கரிக்கையூரில் பழமையான பாறை ஓவியங்கள் இருக்கின்றன. அவற்றின் மேலேயே கிறுக்கிவிட்டு வந்த புண்ணியவான்கள் நம்மவர்கள்தான்.

‘‘அப்போ புதையல்?’’ என்று சகதர்மிணி கடைசி முயற்சி செய்தாள். சட்டத்தை எடுத்துச் சொன்னேன். 1878-ஆம் வருஷத்துப் புதையல் சட்டம். மண்ணுக்குள்ளிருந்து பத்து ரூபாய்க்கு மேல் பெறுமான பொருள் கிடைத்தால் கலெக்டருக்குத் தெரிவிக்க வேண்டும். ‘‘பத்து ரூபாயா? இங்க ஒரு டீகூட வராதே!’’ என்று பெருமூச்சு விட்டாள்.

திரும்பும்போது பயல் திட்டையருகே ரொம்ப நேரம் குந்தியிருந்தான். கல்லை உள்ளே வைப்பான், எடுப்பான், திருப்பி வைப்பான்.

‘‘என்னடா?’’

‘‘எப்படி இருந்துச்சுன்னு ஞாபகம் இல்ல மாமா. தலை எந்தப் பக்கம்னு தெரியல.’’

பாட்டி கம்பை ஊன்றிக் குனிந்து, கல்லை லேசாகத் தொட்டு ஒரு பக்கமாகச் சாய்த்து வைத்தார். அது சரிதானா என்று அவருக்கும் தெரிந்திருக்காது. ஆனால் பயல் முகத்தில் நிம்மதி வந்தது.

அந்த இடம் எங்கே என்று கேட்டு எழுதாதீர்கள். சொல்ல மாட்டேன். நாங்கள் கண்டுபிடித்ததாகப் பீற்றிக்கொள்ளவும் வழியில்லை. செடி நட்டவர்கள் அதற்கு இடம் விட்டு நட்டிருக்கிறார்கள். கல் கொண்டுவந்தவர்கள் மலையேறி வந்திருக்கிறார்கள். மறைந்திருந்தது எங்கள் கண்ணுக்கு மட்டும்தான்.

ஊருக்கு வந்து இரண்டு வாரம் கழித்துப் பயல் தன் டேப்லெட்டைக் கொண்டுவந்து காட்டினான். அவனுடைய சதுர உலகத்தில், ஒரு மலை முகட்டில், மூன்று கல் நட்டு மேலே ஒரு கல் மூடிய சின்ன வீடு. உள்ளே ஒரே ஒரு கல்.

‘‘யாருடா இது?’’ என்றேன்.

‘‘எங்க தாத்தா’’ என்றான். ‘‘இடத்தை யார்கிட்டயும் சொல்லிடாதீங்க மாமா.’’

போன வருஷம் காலமான என் அப்பாவைச் சொல்கிறான். என்ன பதில் சொல்வதென்று தெரியாமல், சரி என்று தலையாட்டினேன்.