புறவேற்றுமை
(பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு மாணவி)

இலக்கண வகுப்பில் எட்டு வேற்றுமைகளைப் படித்தோம். வேதியியல் வகுப்பில் இன்னொன்று வந்தது: புறவேற்றுமை. ஒரே தனிமம் வெவ்வேறு வடிவங்களில் இருப்பதே இதன் பொருள். 1841-ல் சுவீடன் நாட்டு அறிஞர் பெர்சீலியஸ் இக்கருத்துக்குப் பெயரிட்டார். தனிமங்களுக்கே இச்சொல் பொருந்தும். நீரையும் பனிக்கட்டியையும் இப்படிச் சொல்லக் கூடாது.

வைரமும், பென்சிலிலுள்ள கிராஃபைட்டும் கார்பனே. வைரத்தில் ஒவ்வோர் அணுவும் நான்கு அணுக்களுடன் பிணைந்துள்ளது. ஆகவே அது கடினமானது. கிராஃபைட்டில் மூன்றுடன் மட்டுமே பிணைந்து அடுக்கடுக்காக உள்ளது. அந்த அடுக்குகள் வழுக்கித் தாளில் எழுத்தாகின்றன.

என் அக்கா படிப்பில் கெட்டிக்காரி. "அவள் வைரம், இவள் கரி" என்று உறவினர் ஒருவர் கூறக் கேட்டு நான் அழுததுண்டு. இனி அழமாட்டேன். மின்சாரத்தை நன்கு கடத்துவது கிராஃபைட்டே, வைரம் அன்று. சாதாரண வெப்பநிலையிலும் அழுத்தத்திலும் அதிக நிலைப்புத்தன்மை உடையதும் கிராஃபைட்டே! இதை அக்காவிடம் சொன்னேன். "வைரம் என்ற பெயர் எனக்கும் பாரமாகத்தான் இருக்கிறதடி" என்றாள்.

தோழியரே, வேற்றுமை புறத்தில்தான். உள்ளிருக்கும் அணு ஒன்றே.