துரியோதனன் படுக்க ஒரு காணி

கிரிவலம் வருவோர் எங்கள் அடி அண்ணாமலையை அறிவர். 14 கிலோமீட்டர் பாதையில் மலைக்கு மேற்கே உள்ள சிற்றூர். ஆதி அண்ணாமலையாரைக் கும்பிட்டு, மாணிக்கவாசகர் கோயிலில் சற்றே நின்று, நடையைத் தொடர்வார்கள். சாலையை விட்டு இறங்கி வரப்பில் நடந்தவர்கள் குறைவு. நான் சொல்ல வருவது வரப்புப் பக்கத்துச் செய்தி.

நம் மாவட்டத்தின் கலை தெருக்கூத்து. புரிசையும், 2003இல் மறைந்த கண்ணப்பத் தம்பிரானும் நாடறிந்த பெயர்கள். ஆயினும் கூத்தை நாம் மேடைக் கலையாகவே எண்ணிப் பழகிவிட்டோம். பாரதக் கூத்தின் கடைசிக் களம் மேடையன்று, வெறும் நிலம்.

அறுவடை முடிந்து நிலம் ஓய்ந்திருக்கும் மாதங்களில் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரத விழா நடக்கும். பகலில் பிரசங்கம், இரவில் கூத்து. பதினெட்டாம் போர் ஆடி முடிய, விடிந்தால் படுகளம். ஊரார் மண்ணைக் குழைத்து, மல்லாந்து கிடக்கும் துரியோதனனைப் பல ஆள் நீளத்துக்குச் செய்து வைத்திருப்பார்கள். இரவெல்லாம் கிரீடமும் புஜக்கட்டையும் சுமந்த வேடக்காரர் அந்த மண்ணுடலைச் சுற்றிச் சுற்றி ஓடுவார், வீமன் துரத்துவான். தொடை பிளந்து செந்நீர் வழியும். பாஞ்சாலி கூந்தல் முடிவாள். அடுத்த கணம் கூட்டம் பாயும், பிடி மண்ணுக்காக! குதிரில் போட்டால் விளைச்சல் பெருகும் என்பது நம்பிக்கை. “மண்ணு கொணாந்தியா?” என்றுதான் என் பாட்டி முதலில் கேட்பாள், கூத்து எப்படி என்பது பிறகு. (குதிர் இன்று எத்தனை வீட்டில் இருக்கிறதென்று கேளாதீர்கள். எங்கள் வீட்டில் அரிசி மூட்டைக்குள்தான் போகிறது.)

பௌர்ணமிதோறும் கூட்டம் பெருகப் பெருக மலையைச் சுற்றி நிலத்தின் விலை ஏறியது. வேர்க்கடலை போட்ட கொல்லைகளில் இன்று மனைக்கற்கள் நிற்கின்றன. விற்றவரைப் பழிக்க எனக்கு மனம் வரவில்லை. கிணறு வற்றினால் அவர் என்ன செய்வார்? ஆனால் கூத்தருக்கு விருதும் உதவித்தொகையும் கொடுத்துவிட்டால் கலை பிழைத்துவிடும் என்று பேசுவோரை என்னால் ஒப்ப முடியவில்லை. என் உறவினர் ஊரில் களத்தைச் சுற்றி வீடுகள் எழும்பவே, துரியோதனனைப் பாதியாகச் சுருக்கிவிட்டார்கள். வேடக்காரர் ஓட இடமின்றி நின்ற இடத்திலேயே சுழன்றார். ஆண்டுக்கு ஒரு நாள், ஒரு காணி வெற்று நிலம். கூத்துக்கு வேண்டியது அதுதான்.

நம் நாட்டு நலப்பணித் திட்ட முகாம்கள் சிற்றூர்களில்தானே நடக்கின்றன? படுகளம் எந்த நிலம், புறம்போக்கா பட்டாவா, யாருடையது என்று ஒவ்வோர் ஊரிலும் எழுதி வரலாம். பட்டா நிலமென்றால், அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து கொஞ்சம் பேசிவிட்டும் வரலாம்.