அப்பாவும் ஷிஃப்ட் எஃப்12-ம்

உங்க வீட்டு கம்ப்யூட்டர்ல 'ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ்' ஆடியிருக்கீங்களா? ஆமான்னா, நீங்க நம்ம கட்சி. கையைக் குடுங்க! இல்லைன்னாலும் பரவாயில்லை, உட்காருங்க. இது கேம் கதை மாதிரிதான் ஆரம்பிக்கும். முடியறது வேற இடத்துல.

வருஷம் 2012. விருதுநகர் பக்கம் ஒரு இன்ஜினீயரிங் காலேஜில் மூணாவது வருஷம் படித்துக்கொண்டிருந்தேன். அப்பா டூரிஸ்ட் வேன் டிரைவர். சொந்த வேன் இல்லை. ஓனர் வண்டி, அப்பாவுக்குச் சம்பளமும் பேட்டாவும். பழனி, திருச்செந்தூர், வேளாங்கண்ணி, திருப்பதி என்று சாமிகளுக்கும் ஜனங்களுக்கும் நடுவில் ஓடிக்கொண்டே இருப்பார். வீட்டில் ஒரு கம்ப்யூட்டர் இருந்தது. 'ப்ராஜெக்ட் பண்ணணும்ப்பா' என்ற உலகப் புகழ்பெற்ற பொய்யைச் சொல்லி வாங்கியது. அதில் நான் உருப்படியாகப் பண்ணின ஒரே ப்ராஜெக்ட், சிஜே-வின் ஊரை அழகாக்கியது!

சிஜே-தான் சான் ஆண்ட்ரியாஸ் ஹீரோ. அந்த கேம் பிளேஸ்டேஷன் 2-க்கு 2004-லும் கம்ப்யூட்டருக்கு 2005-லும் வந்தது. நான் ஆடும்போதே அதற்கு ஏழு வயசு. புது கேம் போட நம்ம மெஷினுக்குத் தெம்பு கிடையாது. என்ன பண்றது? பழைய வீட்டுக்கே வெள்ளையடிக்க வேண்டியதுதான். அதுக்குப் பேர்தான் மாட். கேமை உருவாக்கின கம்பெனிக்கு வெளியே இருக்கிற ரசிகர்கள் எழுதி வைக்கிற மாற்றங்கள். ரோட்டை மாத்தலாம், காரை மாத்தலாம், மரத்தை மாத்தலாம், ஏன், வெயிலையே மாத்தலாம்!

வெயிலை மாத்துறதில் அந்தக் காலத்து ராஜா 'ஈஎன்பி சீரிஸ்'. போரிஸ் வொரொன்ட்சோவ் என்கிற ரஷ்ய புரோகிராமர் எழுதியது. அது வேலை செய்யற விதமே செம கில்லாடித்தனம். கேம் எதையாவது திரையில் வரையணும்னா, விண்டோஸ்ல இருக்கிற டைரக்ட்3டி-கிட்ட கேட்கும். அதுக்கு டி3டி9.டிஎல்எல் என்று ஒரு ஃபைல். எந்த புரோகிராமும் இந்த மாதிரி ஃபைலை முதல்ல தன் ஃபோல்டருக்குள்ளதான் தேடும். அங்க இல்லைன்னாதான் விண்டோஸ் ஃபோல்டருக்குப் போகும். ஈஎன்பி என்ன பண்ணும்? அதே பேர்ல ஒரு ஃபைலை கேம் ஃபோல்டருக்குள்ள உட்கார வச்சிடும். கேமும் 'நம்மாளுதான்' என்று நம்பி எல்லா ஆர்டரையும் அதுகிட்ட கொடுக்கும். அது நடுவுல தன் கைவரிசையைக் காட்டிட்டு, ஒரிஜினல் ஃபைலுக்கு அனுப்பி வைக்கும். கல்யாண வீட்ல சாம்பார் வாளி பந்திக்குப் போற வழியில ஒருத்தர் நின்னு ரெண்டு கரண்டி நெய் ஊத்தி அனுப்புற மாதிரி!

கேட்க ஈஸியா இருக்குல்ல? போட்டுப் பார்த்தால்தான் தெரியும் பாடு.

முதல் பிரச்னை வெர்ஷன். 2005-ல் 'ஹாட் காஃபி' என்று ஒரு பெரிய சர்ச்சை. கேமுக்குள் ஒளிஞ்சு கிடந்த ஒரு ஆபாசக் காட்சியை மாட் போட்டு ஒருத்தர் வெளியே கொண்டுவந்துவிட்டார். அதுக்கப்புறம் வந்த கம்ப்யூட்டர் பதிப்பில் பல மாட்களுக்கு நோ என்ட்ரி. என்கிட்ட இருந்தது அந்தப் பதிப்புதான். நண்பர்கள் பத்து பேரை நச்சரித்து, முதல் பதிப்பு டிவிடியைக் கடன் வாங்கினேன்.

ரெண்டாவது பிரச்னை கரண்ட். 2012-ல் சென்னைக்கு வெளியே இருந்தவங்களுக்குச் சொல்லவே வேண்டாம். கரண்ட் எப்ப வரும்னு கேட்கிறதைவிட, எப்ப வந்துச்சுன்னு கேட்கிறதுதான் வழக்கம். கேமோட ரோடு, மரம், கார் எல்லாம் 'ஜிடிஏ3.இமேஜ்' என்கிற ஒரே பெரிய ஃபைலுக்குள்ள மூட்டை கட்டிக் கிடக்கும். அதைத் திறந்து புது ரோட்டைச் செருகி, மறுபடி மூட்டை கட்டிக்கிட்டு இருக்கும்போது டப்புன்னு கரண்ட் போச்சு. மூட்டை அவிழ்ந்தே கிடந்துச்சு. மறுபடி கேமைத் திறந்தா கறுப்புத் திரை. பேக்கப்? அது எதுக்குன்னு அன்னைக்குத்தான் புரிஞ்சது.

மூணாவது பிரச்னை துட்டு. மதர்போர்டோட வந்த கிராஃபிக்ஸ் இந்த வேலைக்கு ஆகாது. ட்யூஷன் எடுத்துச் சேர்த்த காசில் ஜிஃபோர்ஸ் 8400 ஜிஎஸ் கார்டு ஒண்ணு செகண்ட்ஹேண்டில் வாங்கிப் போட்டேன். பெயிலாகாமல் மூணு நாள் ஓடியதே பெரிய விஷயம் என்று கொண்டாடினேன்.

கடைசியில் ஒரு ராத்திரி எல்லாம் கூடி வந்தது. கரண்ட் இருந்தது, கேம் திறந்தது, ஈஎன்பி ஓடியது. காரில் ஏறி லாஸ் வென்ச்சுராஸுக்கு விட்டேன். லாஸ் வேகாஸைப் பார்த்துச் செய்த ஊர் அது. பூராவும் கலர் லைட்டு. ஈஎன்பி போட்டதும்... ஐயோ! ஒவ்வொரு விளக்கைச் சுற்றியும் ஒரு ஒளிவட்டம். எதிரே வர்ற கார் ஹெட்லைட் எல்லாம் பூ மாதிரி விரிஞ்சு வருது.

இதுக்குப் பேர் ப்ளூம். படத்துல ரொம்ப வெளிச்சமா இருக்கிற புள்ளிகளை மட்டும் தனியா எடுத்து, மங்கலாக்கி, திரும்ப அதே படத்து மேலேயே பூசுறது. அவ்வளவுதான் சூட்சுமம். எவ்வளவு பூசணும்னு செட்டிங்ஸ் ஃபைல்ல நம்பர் இருக்கும். நாம சும்மா இருப்போமா? நம்பரைக் கூட்டினேன். இன்னும் கூட்டினேன். கேம் தத்தித் தத்தி, விநாடிக்குப் பன்னிரண்டு ஃபிரேம்ல ஸ்லைடு ஷோ மாதிரி ஓடுச்சு. அதனால் என்ன? அழகு முக்கியம் பாஸ்!

மறுநாள் வகுப்புத் தோழன் வந்து பார்த்தான். அஞ்சு நிமிஷம் பார்த்துவிட்டுச் சொன்னான்: "என்னடா இது, எல்லா லைட்டையும் பஞ்சுல சுத்தி வச்சிருக்க? எந்த ஊர்லடா ரோடு இப்படித் தெரியும்? போலியா இருக்கு மச்சான்."

எனக்கு மூஞ்சி சுருங்கிவிட்டது. ஷிஃப்டையும் எஃப்12-ஐயும் சேர்த்து அழுத்தினால் ஈஎன்பி ஆஃப் ஆகும், மறுபடி அழுத்தினால் ஆன் ஆகும். மாத்தி மாத்திக் காட்டி வாதாடினேன். அவன் அசையவே இல்லை.

அன்று ராத்திரி அப்பா ட்ரிப் முடிந்து வந்தார். சாப்பிட்டுவிட்டு, என் பின்னாடி நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். அவர் கேம் பார்க்கிறவர் இல்லை. ஆனால் ஸ்க்ரீனில் ராத்திரி நேரம், ஹைவேஸ், எதிரே வண்டிகள். தொழில் பாசம் இழுத்திருக்கும். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"பரவாயில்லையேடா. நிஜமா ராத்திரி வண்டி ஓட்டுற மாதிரியே இருக்கு."

எனக்குத் தலைகால் புரியலை. இருபத்தஞ்சு வருஷ டிரைவரே சர்டிஃபிகேட் குடுத்தாச்சு! "அப்பா, இதைப் பாருங்க" என்று ஷிஃப்ட் எஃப்12 தட்டினேன். ஒளிவட்டம் எல்லாம் மறைந்தது.

"இது என்னது, லைட்டெல்லாம் ஆணி அடிச்சாப்புல இத்தினியூண்டு தெரியுது? நல்லாவா இருக்கு? முன்னாடி வச்சதையே வையி. ரோட்டுல லைட்டு அப்படித்தான் பரவித் தெரியும்."

மறுநாள் நண்பனிடம் பெருமையாகச் சொன்னேன். "எங்கப்பாவே சொல்லிட்டாரு. ராத்திரி ரோடு இப்படித்தான் இருக்குமாம்." அவன் சிரித்தான். நானும் சிரித்தேன். ஒண்ணும் தோணலை.

நாலு நாள் கழிச்சுத்தான் தோணுச்சு. அதுவும் பைக்கில் வரும்போது. மதுரை ரோட்டில் ராத்திரி எட்டு மணி. எதிரே வரிசையாக லாரி, பஸ். ஹெட்லைட் கண்ணில் அடிக்குது. அடிச்சாலும் லைட்டு லைட்டாத்தான் தெரியுது. பக்கத்தில் சைக்கிள்காரர் தெரியறார், வெள்ளைக்கோடு தெரியுது. பூ மாதிரி எதுவும் விரியலை. பைக்கை ஓரமாக நிறுத்திவிட்டேன்.

நான் வச்சிருந்த நம்பர், வேணும்னே அளவுக்கு மீறி ஏத்தி வச்ச நம்பர். என் நண்பன் சொன்னதுதான் சரி, எந்த ஊரிலும் ரோடு அப்படித் தெரியாது. அப்படின்னா, அப்பாவுக்கு?

வீட்டுக்கு வந்ததும் அவரை வாசலுக்குக் கூட்டிப் போனேன். தெருமுனையில் ஒரு சோடியம் லைட். "அப்பா, அந்த லைட்டு எப்படித் தெரியுது?"

"எப்படின்னா? நல்லாத்தான் தெரியுது. சுத்தி வட்டமா, மஞ்சளா..."

"கீழ நிக்கிற ஆள் தெரியுதா?"

அப்பா பதில் சொல்லலை. அங்கே ஒருத்தர் நின்று செல்போன் பேசிக்கொண்டிருந்தார்.

அப்புறம்தான் ஒவ்வொண்ணா வெளியே வந்தது. பகலில் ஒரு தொந்தரவும் இல்லையாம். ராத்திரியில் எதிர் வண்டி லைட் போட்டால் மட்டும் ரெண்டு விநாடி ஒண்ணும் தெரியாதாம். முன்னாடி போற லாரியோட சிவப்பு லைட்டைப் பிடிச்சுக்கிட்டே ஓட்டுவாராம். "எல்லா டிரைவருக்கும் இருக்கிறதுதாண்டா. இந்தக் காலத்து லைட்டெல்லாம் அவ்வளவு பவர்." ஒரு வருஷமாக அவரே அவருக்குச் சொல்லிக்கொண்ட சமாதானம்.

அது அக்டோபர் கடைசி. கார்த்திகை பிறந்தால் சபரிமலை சீசன். ஒரு வேன் நிறைய சாமிமாரை ஏத்திக்கிட்டு, ராத்திரியோடு ராத்திரியாக மலை ரோட்டில் ஏறணும். வருஷத்துக்கே அந்த ரெண்டு மாசம்தான் கையில் நாலு காசு நிற்கும். அதுவும் எனக்கு ஃபீஸ் கட்டணும்.

"கண் ஆஸ்பத்திரிக்குப் போகலாம்ப்பா" என்றேன். "சீசன் முடியட்டும்" என்றார். எனக்கும் ஒரு விநாடி 'சரி, முடியட்டுமே' என்றுதான் தோணுச்சு. ஃபீஸ் கண்ணுக்கு முன்னாடி வந்து நின்னுச்சு. இதை இன்னிக்கு எழுதும்போதும் கூச்சமாக இருக்கிறது. அப்புறம், பின் சீட்டில் தூங்கிட்டு வர்ற குட்டிச் சாமிங்க ஞாபகம் வந்தது. அம்மாவிடம் எல்லாத்தையும் சொல்லிவிட்டேன். அப்பா ரெண்டு நாள் என்கிட்ட பேசலை. மூணாவது நாள் காலையில், "சட்டையை மாட்டு, போயிட்டு வந்துருவோம்" என்றார்.

ரெண்டு கண்ணிலும் புரை. வயசு ஐம்பத்திரெண்டுதான். ஆனால் சுகர் இருக்கிறவங்களுக்குச் சீக்கிரமே வரும் என்றார் டாக்டர். கண்ணுக்குள் இருக்கிற லென்ஸ் கொஞ்சம் கொஞ்சமாகக் கலங்கிப் போகும். கலங்கின லென்ஸ் வழியாக வெளிச்சம் நேராகப் போகாமல் சிதறும். அதனால்தான் விளக்கைச் சுற்றி வட்டம், எதிர் லைட் அடித்தால் கூச்சம், கலரெல்லாம் மங்கி மஞ்சள் பாய்வது எல்லாம். அவர் விளக்க விளக்க எனக்குப் புல்லரித்தது. வெளிச்சத்தைப் பரப்பி மத்ததுமேல பூசுறது. ப்ளூம்! நான் துட்டு செலவழித்து, ராத்திரி முழித்துக் கொண்டுவந்ததை, அப்பா இலவசமாகச் சுமந்துக்கிட்டு வேன் ஓட்டியிருக்கிறார்.

அந்த சீசனுக்கு ஓனர் வேற டிரைவரைப் போட்டார். ஒரு கண்ணுக்கு முதலில் ஆபரேஷன், கொஞ்ச நாள் கழித்து அடுத்த கண்ணுக்கு. கலங்கின லென்ஸை எடுத்துவிட்டு செயற்கை லென்ஸ் வைக்கிறார்கள். காலையில் போனார், சாயங்காலம் கறுப்புக் கண்ணாடியோடு ஹீரோ மாதிரி வந்தார். சொட்டு மருந்து, தலைக்குத் தண்ணி ஊத்தக் கூடாது, தூசி படக் கூடாது. வீட்டில் நிஜமாவே காசு இல்லை. கிராஃபிக்ஸ் கார்டை வித்துட்டேன். பெரிய தியாகம் எல்லாம் இல்லை, அதுக்குக் கிடைச்சது ஒரு மாச மளிகைக்குத்தான் ஆச்சு.

ஆனால் விக்கிறதுக்கு முந்தின நாள் ஒண்ணு நடந்தது. ரெண்டு கண்ணும் தேறியிருந்த நேரம். அப்பாவே வந்து உட்கார்ந்தார். "அந்த லைட்டு விளையாட்டைப் போடு, பார்ப்போம்."

போட்டேன். அதே ஊர், அதே ராத்திரி, அதே நம்பர். அப்பா முகத்தைச் சுளித்தார். "என்னடா இது, ஒண்ணுமே தெரியலை? எதிர்ல வர்றவன் எங்க இருக்கான்னே புரியலை."

ஷிஃப்ட் எஃப்12.

ரொம்ப நேரம் பார்த்தார். அப்புறம் மெதுவாக, "இதைப் போயா நல்லாயில்லைன்னு சொன்னேன்?" என்றார். கொஞ்சம் கழித்து, "அத்தனை பேரை ஏத்திக்கிட்டுல்ல போயிட்டு இருந்தேன்" என்றார். எழுந்து போய் வாசலில் நின்றுகொண்டார். நான் பின்னாலே போகலை.

டாக்டர் சரி என்று சொன்ன பிறகு மறுபடி வண்டி எடுத்தார். இப்போது ஓட்டுவதில்லை, பேரனை ஸ்கூலில் விடுவதோடு சரி. நான் இன்றைக்கும் கேம் ஆடுகிறேன், மாட் போடுகிறேன். சான் ஆண்ட்ரியாஸையே 2021-ல் கம்பெனி புதுப்பித்து வெளியிட்டது. மழை பெய்தால் வழி தெரியலை, தூரத்து மூட்டத்தை எடுத்துவிட்டதால் மொத்த ஊரும் குட்டியாகத் தெரியுது என்று ரசிகர்கள் கிழித்தார்கள். கம்பெனியே மன்னிப்புக் கேட்டது. அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு ஆச்சர்யமே இல்லை. பளிச்சுன்னு இருக்கிறது வேற, சரியாத் தெரியறது வேற. அதை எனக்கு அப்பா 2012-லேயே சொல்லிக் கொடுத்துட்டார்.

ஆகவே நண்பர்களே, அனுபவஸ்தன் சொல்கிறேன், ரெண்டு விஷயம். ஒண்ணு, மாட் போடுறதுக்கு முன்னாடி கேம் ஃபோல்டரை அப்படியே காப்பி பண்ணி வைங்க, கரண்ட்டை நம்பாதீங்க. ரெண்டு, நீங்க கண்டபடி ஏத்தி வச்ச ப்ளூமைப் பார்த்துட்டு வீட்ல யாராவது பெரியவங்க 'நிஜம் மாதிரியே இருக்கு'ன்னு சொன்னா, பெருமைப்படாதீங்க. பைக்கை எடுத்து, அவங்களைப் பின்னாடி உட்கார வச்சு, நேரா கண் ஆஸ்பத்திரிக்கு விடுங்க!